டோரீன் கேட்ட பாதி

டில்லிங்கோம் ஊரில் டோரீன் ஸ்டென்னிங்கைப் பற்றி யாரிடம் கேட்டாலும் முதலில் ஒன்றைத்தான் சொல்வார்கள். கட்டின புருஷனை அரசாங்க ஆளிடம் காட்டிக்கொடுத்தவள், அதுவும் கையில் தேநீர்த் தட்டை வைத்துக்கொண்டே என்பார்கள். நடந்தது உண்மைதான். ஆனால் அதற்கு முன்னால் பதினெட்டு வருஷம் கிடந்தது. அது ஊருக்குத் தெரியாது.

டோரீன் அந்த ஊர்க்காரி இல்லை. பக்கத்து டவுனில் ரொட்டிக் கடை வைத்திருந்தவரின் மகள். ரூபன் ஸ்டென்னிங்கைக் கட்டிக்கொண்டு சுண்ணாம்பு மேட்டின் அடிவாரத்தில் இருந்த பண்ணைக்கு வந்தபோது இருபத்திரண்டு வயது. ரூபன் அதிகம் பேசமாட்டான். பேசியே ஆகவேண்டிய இடத்தில் தொப்பியைக் கழற்றி மறுபடி மாட்டிக்கொள்வான். கொஞ்சம் பசுக்கள், கொஞ்சம் பார்லி, உழும்போதெல்லாம் வெள்ளைக் கல் மேலே வரும் நிலம். கல்யாணமாகி ஐந்து வருஷம் கழித்து வின்னி பிறந்தாள். அதற்குப் பிறகு வேறு குழந்தை தங்கவில்லை.

வீட்டுக்கும் மாட்டுக்கொட்டிலுக்கும் நடுவில் அந்தக் களஞ்சியம் நின்றது. ஓக் மரச் சட்டம், இடையிடையே செங்கல், மேலே ஓடு. எலி ஏறாமல் இருப்பதற்காக ஒன்பது காளான் வடிவக் கற்களின் மேல், தரையைத் தொடாமல் தூக்கி வைத்த மாதிரி நிற்கும். உள்ளே இரண்டு பக்கமும் பலகை அடித்த பத்தாயங்கள், நடுவில் ஓர் ஆள் நடக்கிற வழி. வின்னிக்கு அதை விட்டால் வேறு உலகம் இல்லை. பத்தாயத்தின் விளிம்பில் ஏறி உட்கார்ந்து காலைத் தொங்கவிட்டுக் குதிகாலால் பலகையைத் தட்டிக்கொண்டே இருப்பாள். டக், டக்... டக். தனக்குத்தானே ஏதோ கதை சொல்லிக்கொள்வாள். கதை வேகமாகப் போனால் தட்டும் வேகமாகும்.

அறுபத்தொன்பதாம் வருஷம் வின்னிக்கு ஏழு வயது. அறுவடை முடிந்து பத்தாயங்கள் நிறைந்திருந்தன. ஒரு பிற்பகல் டோரீன் முற்றத்துக் கொடியில் படுக்கை விரிப்புகளைக் காயப்போட்டுக்கொண்டிருந்தாள். களஞ்சியத்துக்குள் குதிகால் சத்தம் கேட்டது.

"வின்னி, பார்லி மேல ஏறக் கூடாது, சொல்லிட்டேன்!" என்று குரல் கொடுத்தாள்.

பதிலுக்கு இரண்டு தட்டு வந்தது. சரி என்று அர்த்தம். அந்த நேரம் பார்த்து வீட்டுக்குள் டெலிபோன் அடித்தது. பாதிரியாரின் மனைவி. சர்ச்சில் அறுவடைத் திருநாளுக்கு எத்தனை பாட்டில் ஜாம் கிடைக்கும் என்று கேட்டாள். டோரீன் பேசி முடித்து, கெட்டிலை அடுப்பில் வைத்து, கோப்பைகளை எடுத்து வைத்தாள்.

பண்ணையில் வேலை பார்த்த ஏமோஸ் பெல்லிங் மாட்டுக்குத் தீவனம் அள்ளக் களஞ்சியத்துக்குள் போனவன், போன வேகத்தில் வெளியே வந்து கத்தினான். அன்று காலையில் அவன்தான் பத்தாயத்தின் கீழ்க்கதவைத் திறந்து பார்லி இறக்கியிருந்தான். உள்ளே பொந்து விழுந்திருந்தது. மேலேயிருந்து பார்த்தால் தெரியாது. இப்போது மேலே ஒரு பெரிய குழி இருந்தது, அதன் ஓரத்தில் ஒரு செருப்பு கிடந்தது. ஏமோஸும் ரூபனும் கையால் தோண்டினார்கள். எடுத்தபோது அவள் தலைமுடி முழுக்கப் பார்லி.

விபத்து என்று விசாரணையில் முடித்தார்கள். "நான் வீட்டுக்குள்ள இருந்தேன்" என்று டோரீன் சொன்னாள். "நான் வயலிலிருந்து வந்துட்டிருந்தேன்" என்று ரூபன் சொன்னான். அதற்கு மேல் யாரும் கேட்கவில்லை. அவர்களும் ஒருவரையொருவர் கேட்டுக்கொள்ளவில்லை. பத்தாயங்களில் இருந்த பார்லி முழுவதையும் ரூபன் அள்ளி, மேட்டில் ஒரு குழி வெட்டிப் புதைத்தான். களஞ்சியத்தைப் பூட்டினான். அதற்குப் பிறகு அங்கே ஒரு மணி தானியம் வைத்ததில்லை.

அடுத்த வசந்தத்தில் டோரீன் கொடியில் துணி போட்டுக்கொண்டிருந்தபோது அந்தச் சத்தம் கேட்டது.

டக், டக்... டக்.

அவள் கையில் ரூபனின் சட்டை இருந்தது. அதைப் புல்லில் போட்டுவிட்டுச் சமையலறைக்குப் போய்ச் சாவியை எடுத்து வந்தாள். கதவைத் திறந்து உள்ளே நின்றாள். வெறும் பத்தாயங்கள். ஓட்டு இடுக்கில் வெயில். சத்தம் அவளுடைய இடுப்பு உயரத்தில், இடது பக்கப் பலகையிலிருந்து வந்தது. அவள் பயப்படவில்லை. ஒரு குழந்தை தன்பாட்டுக்கு விளையாடுகிற இடத்துக்குள் தெரியாமல் வந்துவிட்டவள் மாதிரி மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றாள். கொஞ்ச நேரம் கழித்து இரண்டு தட்டு கேட்டது. சரி, அம்மா. டோரீன் கதவைச் சாத்திக்கொண்டு வெளியே வந்து, சட்டையை எடுத்து உதறிக் கொடியில் போட்டாள்.

அன்றிலிருந்து பால் கறக்கும் நேரத்துக்கு முன்னால் தினமும் போவாள். எல்லா நாளும் கேட்காது. கேட்கும் நாளில் இரண்டு தட்டு வரும்வரை நின்றுவிட்டு வந்துவிடுவாள். மாடுகள் காத்திருக்கும், கெட்டில் காத்திருக்கும். யாரிடமும் சொல்லவில்லை. ரூபனிடமும்தான். அவனிடம் எதைச் சொல்வது? அவன் அந்தப் பக்கம் திரும்பியே பார்ப்பதில்லை. மாட்டுக்கொட்டிலுக்குப் போக வீட்டைச் சுற்றிப் பின்பக்கமாக, சேற்றில் மிதித்துக்கொண்டு போவான். பெற்ற பிள்ளையை மறந்துவிட்டான் கல்நெஞ்சன் என்று அவள் நினைத்துக்கொண்டாள். நினைத்து நினைத்து அது மனசில் காய்ப்புக் காய்ச்சுப் போயிற்று.

எண்பத்து நாலில் மாவட்ட அலுவலகத்திலிருந்து மிஸ் ஃபேர்லி வந்தாள். ஒல்லியான பெண், ஆம்பிளை பூட்ஸ் போட்டிருந்தாள். ஊரில் இருந்த பழைய கட்டடங்களையெல்லாம் பார்த்து, பாதுகாக்கவேண்டியவற்றின் பட்டியலில் சேர்த்துக்கொண்டிருந்தாள். சர்ச், சர்ச் வாசலில் இருந்த ஒரு கல்லறை, வழிதவறிய ஆடுமாடுகளை அடைக்கும் பட்டி, ஸ்டென்னிங் வீடு, கடைசியில் களஞ்சியம். "இனிமே எதிலயும் ஒரு ஆணி அடிக்கணும்னாலும் அந்தம்மாகிட்ட கேக்கணுமாம். பட்டியல்ல ஏறாதது நானும் என் நாயும்தான்" என்று ஏமோஸ் பப்பில் சொல்லிச் சிரித்தான்.

டோரீனுக்கு உள்ளுக்குள் அவ்வளவு நிம்மதி. இனி யாரும் கைவைக்க முடியாது. ரூபன் மட்டும் ஒரு கேள்வி கேட்டான்.

"எவ்வளவு காலத்துக்கு?"

"இது குத்தகை இல்லையே, மிஸ்டர் ஸ்டென்னிங். உங்களுக்குப் பிறகும் இருக்கும்" என்றாள் மிஸ் ஃபேர்லி சந்தோஷமாக.

ரூபன் தொப்பியைக் கழற்றினான். அவன் முகம் சாம்பல் மாதிரி ஆயிற்று. உடம்புக்கு முடியவில்லையோ என்று டோரீன் நினைத்தாள்.

எண்பத்தேழு அக்டோபரில் அந்தப் பெருங்காற்று வந்தபோது டோரீன் கடலோரத்தில் தங்கை வீட்டில் இருந்தாள். தங்கைக்கு இடுப்பெலும்பு முறிந்திருந்தது. ஒரே ராத்திரியில் தெற்குப் பக்கமே தலைகீழாகக் கவிழ்ந்து போயிற்று. சாலையெல்லாம் மரம், டெலிபோன் செத்துப்போயிற்று. பத்து நாள் கழித்து ஒரு பால் லாரியில் ஏறி ஊர் வந்து சேர்ந்தாள். பண்ணை வாசல் திரும்பியதும் முதலில் வானம் தெரிந்தது. எப்போதும் களஞ்சியத்தின் கூரை தெரியும் இடத்தில் வெறும் வானம். அதற்குக் கீழே ஒன்பது காளான் கற்கள் புல்லில் நின்றுகொண்டிருந்தன, ஆள் எழுந்து போன நாற்காலிகள் மாதிரி.

ரூபன் வாசலுக்கு வந்தான். "காத்து" என்றான்.

அவள் மாட்டுக்கொட்டிலைப் பார்த்தாள். கூரை அப்படியே இருந்தது. கோழிக்கூண்டு கூட அசையவில்லை. அவள் பெட்டியை உள்ளே கொண்டு போய் வைத்தாள். மறுநாள் பிற்பகல் அந்தக் கற்களுக்கு நடுவில் போய் நின்றாள். தூரத்தில் யாரோ விழுந்த மரத்தை அறுத்துக்கொண்டிருந்தார்கள். மரம் அறுக்கும் சத்தம் நின்ற பிறகும் நின்றாள். ஒன்றும் கேட்கவில்லை. அப்போதுதான், பதினெட்டு வருஷத்துக்கு அப்புறம், வின்னி செத்துப்போனாள் என்று அவளுக்குத் தோன்றியது. அங்கேயே உட்கார்ந்து புல்லைப் பிடுங்கிப் பிடுங்கி அழுதாள்.

மிஸ் ஃபேர்லி அந்த வாரம் வந்தாள். காற்றில் சேதமான கட்டடங்களைப் பார்த்துக்கொண்டு ஊர் ஊராகப் போய்க்கொண்டிருந்தாள். பாவம், தூக்கமில்லாமல் கண் சிவந்திருந்தது.

"காத்துல போயிடுச்சு" என்றான் ரூபன்.

மிஸ் ஃபேர்லி கற்களைச் சுற்றி நடந்தாள். கொட்டிலின் பின்னால் எட்டிப் பார்த்தாள். ஓடுகள் வரிசை வரிசையாக அடுக்கியிருந்தன. உத்திரங்கள் ஒன்றின் மேல் ஒன்றாக, இடையில் கட்டை வைத்துக் கிடந்தன. ஒன்றுகூட ஒடியவில்லை.

"இந்த ஓடெல்லாம்?"

"பொறுக்கி அடுக்கினேன்."

"ஒண்ணுகூட உடையலையே, மிஸ்டர் ஸ்டென்னிங்."

ரூபன் வாயைத் திறக்குமுன் வாசற்படியிலிருந்து குரல் வந்தது. டோரீன் தேநீர்த் தட்டோடு நின்றுகொண்டிருந்தாள்.

"காத்து இல்லை, மிஸ். ரூபன்தான் பிரிச்சது. நான் இல்லாத நேரம் பார்த்துப் பிரிச்சிருக்கான். அதைத் திரும்பக் கட்ட வைங்க. எனக்கு அது வேணும்."

சொல்லிவிட்டுத் தட்டை நீட்டினாள். "சர்க்கரை போட்டிருக்கேன்" என்றாள்.

வழக்குப் போட்டிருக்கலாம். மரமெல்லாம் முழுசாக இருக்கிறதே, பழையபடி நிறுத்தினால் போதும் என்று மிஸ் ஃபேர்லிதான் மேலிடத்தில் பேசினாள். ஒரு வருஷத்துக்குள் அதே இடத்தில், அதே மரத்தில், உள்ளே இருந்த பத்தாயம் உட்பட அப்படியே திரும்ப எழுப்ப வேண்டும் என்று உத்தரவு வந்தது.

அந்தக் குளிர்காலம் முழுக்க ஸ்டென்னிங் வீட்டில் இரண்டு பேர் ஒரு மேஜையில் உட்கார்ந்து சாப்பிட்டார்கள். உப்பு வேண்டுமென்றால் எழுந்து போய் எடுத்துக்கொண்டார்கள். பப்பில் ரூபனைக் கேலி பேச ஆரம்பித்தார்கள். "என்ன ரூபன், வீட்ல போலீஸ் ஸ்டேஷனே வச்சிருக்க போல?" ரூபன் அங்கே போவதை நிறுத்திக்கொண்டான். டோரீன் கடைக்குப் போனால் பெண்கள் பேச்சை மாற்றினார்கள். அவளுக்கு அது உறைக்கவே இல்லை. பிற்பகலானால் கால் தன்னால் முற்றத்துக்குப் போகும். கற்களைப் பார்த்துவிட்டுத் திரும்பும்.

மார்ச்சில் வேலை ஆரம்பித்தது. முதல் நாள் மிஸ் ஃபேர்லி ஒரு தூரிகையால் உத்திரங்களின் முனையைத் துடைத்துக் காட்டினாள். ஒவ்வொரு இணைப்பிலும் உளியால் வெட்டிய கோடுகள் இருந்தன. "முதல்ல கட்டின ஆசாரி போட்ட அடையாளம். ரெண்டு கோடு இருக்கிற நாக்கு ரெண்டு கோடு இருக்கிற துளைக்குள்ள போகணும், அவ்வளவுதான். எங்கயோ கீழ வச்சு அறுத்து, கோடு போட்டு, இங்க கொண்டுவந்து நிறுத்தியிருக்காங்க." ரூபன் குனிந்து பார்த்தான். பிரிக்கும்போது அவன் கண்ணில் அது படவில்லை. விரலால் தடவிப் பார்த்தான்.

உதவிக்கு ஏமோஸ் வந்தான். வரும்போதே, "ஒண்ணு சொல்லிடறேன். கூரை ஏறச் சொல்லு, ஏறுறேன். சுவர் வைக்கச் சொல்லு, வைக்கிறேன். கதவுக்கு உள்ள மட்டும் வரமாட்டேன்" என்றான்.

"சுவரே இல்லை, இதுல உள்ள என்ன, வெளிய என்ன?" என்றாள் டோரீன்.

"எனக்குத் தெரியும் மிஸஸ் ஸ்டென்னிங், எது உள்ளன்னு" என்றான் ஏமோஸ்.

கற்களின் மேல் கீழ்ச்சட்டம் ஏறியது. தூண்கள் நின்றன. ஓக் முளைகளை அடிக்கும் சத்தம் ஊர் முழுக்கக் கேட்டது. மே மாதம் சட்டம் முழுதாக நின்றபோது, சுவர் இல்லாத அந்தக் கட்டடம் வெறும் எலும்புக்கூடாகத் தெரிந்தது. டோரீன் தேநீரைக் கொண்டுவந்து வைத்துவிட்டுப் போவாள். அவள் வைப்பாள், அவன் எடுப்பான்.

ஜூலையில் செங்கலும் ஓடும் முடிந்து, மிச்சம் பத்தாயம் மட்டும் இருந்தது. ரூபன் இடது பக்கப் பலகையைத் தூக்கி நிறுத்தினான். பிறகு கீழே போட்டான். முளை அடிக்கும் கொட்டாப்புளியை வெளியே விட்டெறிந்தான். அது டோரீனின் காலடியில் வந்து விழுந்தது.

"இது வேண்டாம். மத்ததெல்லாம் வச்சுட்டேன். இதை வைக்கமாட்டேன். ஜெயில்ல போடட்டும்."

"எனக்கு அதுதான் வேணும். மத்தது எதுவும் வேண்டாம்" என்றாள் டோரீன்.

"உனக்கு என்ன வேணும்னு உனக்குத் தெரியுமா? நீ அதைக் கேட்டிருந்தா இப்படிச் சொல்லமாட்ட."

"நான் கேக்கலன்னு யார் சொன்னது?" என்றாள். "பதினெட்டு வருஷம் தினமும் கேட்டேன். நீதான் அந்தப் பக்கமே திரும்பல. நான் மட்டும்தான் அவகூட இருந்தேன்."

ரூபன் வாசலில் வந்து உட்கார்ந்தான். கால் தரையைத் தொடவில்லை, தொங்கியது.

"நீ கேட்டியா? கேட்டுட்டு, திரும்பத் திரும்பப் போனியா?"

"ஏன் போகமாட்டேன்? என் பிள்ளை உள்ள உக்காந்து விளையாடுது. குதிகாலால பலகையைத் தட்டிக்கிட்டு..."

"தட்டுறதா?"

"வேற என்ன?"

ரூபன் தலையை ஆட்டினான். இல்லை, இல்லை என்று ஆட்டினான். பிறகு சொன்னான். அவன் வாழ்நாளில் ஒரே மூச்சில் அவ்வளவு பேசியது அன்றுதான்.

"அன்னைக்கு நான் டிராக்டரை நிறுத்திட்டு இந்த வழியாத்தான் வந்தேன். உள்ள பார்லி சரியுற சத்தம் கேட்டுச்சு. சளசளன்னு. ஏமோஸ் கீழ்க்கதவைத் திறந்து இறக்குறான்னு நெனச்சேன். நிக்கல. டிரெய்லரைக் கழட்டப் போயிட்டேன். ஒரு எட்டு உள்ள எட்டிப் பார்த்திருந்தா போதும், டோரீன். ஒரு எட்டு. நான் பக்கத்துல, இந்தா, இந்தக் கல்லைத் தாண்டித்தான் போனேன். அப்புறம் ஒவ்வொரு வருஷமும் அதேதான் கேக்குது. பத்தாயத்துல ஒரு மணி இல்ல, ஆனா சரியுது. கொட்டில்ல மாடு கறக்கும்போது கேக்குது. பின்பக்கமாப் போனாலும் கேக்குது. அவ போறது கேக்குது எனக்கு. தட்டுறது ஒரு நாளும் கேட்டதில்ல."

டோரீன் புல்லில் உட்கார்ந்தாள். கொட்டாப்புளி பக்கத்தில் கிடந்தது. அவளும் சொன்னாள். கொடியில் விரிப்புப் போட்டது, குரல் கொடுத்தது, இரண்டு தட்டு, டெலிபோன், ஜாம். "ரெண்டு தட்டு கேட்டதும் உள்ள போனேன், ரூபன். அதுக்கு மேல நான் கேக்கல."

கொட்டிலின் ஓரத்தில் ஏமோஸ் நின்றிருந்தது இருவருக்கும் தெரியாது. அவன் சத்தம் போடாமல் தன் சைக்கிளை உருட்டிக்கொண்டு போனான். மறுநாள் வந்தான், ஆனால் அன்று பூராவும் ஜோக் அடிக்கவில்லை.

ரூபன் பத்தாயத்தை வைத்தான். ஒரு பலகை விடாமல் வைத்தான். அவளைப் பிடித்துக்கொள்ளச் சொல்லி, அவள் பிடித்துக்கொள்ள, அவன் முளை அடித்தான். செப்டம்பரில் மிஸ் ஃபேர்லி வந்து சுற்றிப் பார்த்துவிட்டு, நன்றாக வந்திருக்கிறது என்று இருவர் கையையும் குலுக்கிவிட்டுப் போனாள்.

அன்று பிற்பகல் டோரீன் சாவியை எடுத்துக்கொண்டு வந்தாள். ரூபன் படியின் கீழே நின்றான்.

"வா" என்றாள்.

"என்னால முடியாது."

"எனக்குத் தனியாப் போக முடியல. வா."

அவன் தொப்பியைக் கழற்றிக் கையில் பிடித்துக்கொண்டு ஏறினான். உள்ளே புதுச் சுண்ணாம்பு வாடை. இருவரும் நடுவழியில் நின்றார்கள். ஓட்டின் மேல் குருவி ஒன்று தத்திக்கொண்டிருந்தது. கொட்டிலில் மாடு கத்தியது. ஒன்றும் இல்லை. களஞ்சியத்தைப் பிரித்தபோதே வின்னி போய்விட்டாள், இனி இது வெறும் மரம்தான் என்று டோரீன் நினைத்தாள். அழக்கூட வரவில்லை. திரும்பலாம் என்று ரூபனின் கையைத் தொட்டாள்.

டக்.

டக், டக்... டக்.

ரூபனின் முகத்தை அவள் அப்போது பார்த்தாள். கல்யாணம் ஆன நாளிலிருந்து அப்படி ஒரு முகத்தைப் பார்த்ததில்லை. வாய் லேசாகத் திறந்திருந்தது. "இதுவா?" என்றான். "இப்படித்தான் தட்டுவாளா? இவ்வளவு வேகமாவா?" அவன் எப்போதும் வயலிலேயே இருந்தவன். பிள்ளை பகலில் என்ன செய்யும் என்று அவனுக்குத் தெரிந்திருக்கவில்லை. கையை நீட்டிப் பலகையைத் தொட்டான். தட்டுவது அவன் உள்ளங்கையில் அதிர்ந்ததாம். கண்ணிலிருந்து தண்ணீர் கொட்டிக்கொண்டிருக்க, அவன் சிரித்தான்.

பிறகு இரண்டு தட்டு வந்தது.

டோரீனின் கால் தன்னால் கதவுப் பக்கம் திரும்பியது. பதினெட்டு வருஷப் பழக்கம். ரூபன் அவள் மணிக்கட்டைப் பிடித்தான்.

"போகாதே. மிச்சம் இருக்கு."

முதலில் சில மணிகள் மட்டும் உருளுகிற மாதிரி கேட்டது, சுவருக்குள் எலி ஓடுவதைப் போல. அப்புறம் ஒரு இழுப்பு. கடற்கரையில் அலை பின்வாங்கும்போது கூழாங்கல்லெல்லாம் சேர்ந்து போகுமே, அந்தச் சத்தம். அவர்கள் கண் முன்னாலேயே பத்தாயம் காலியாக இருந்தது, பலகையின் ஆணித் துளை வழியாக வெளிச்சம் தெரிந்தது, ஆனால் சத்தம் நிற்கவில்லை. டோரீன் ரூபனின் கோட்டில் முகத்தைப் புதைத்துக்கொண்டாள். காதை மூடவில்லை. மூடக் கூடாது என்று அவளுக்கு இருந்தது. அது முடியும்வரை நின்றார்கள். அதற்கு நடுவில் ஒரு குரல் இருந்ததா என்று பின்னாளில் ரூபன் ஒருமுறை கேட்டான். டோரீன் எழுந்து போய்க் கெட்டிலை அடுப்பில் வைத்தாள்.

சத்தம் நின்றது. மேலே குருவியும் இல்லை. ரூபன் கதவைப் பூட்டிச் சாவியை அவளிடம் கொடுத்தான். இருவரும் முற்றத்தின் வழியாகவே வீட்டுக்குப் போனார்கள்.

அதற்குப் பிறகு இருவருக்கும் எதுவும் கேட்கவில்லை. ரூபன் பெருமூச்சு விட்டு எழுந்த மாதிரி இருந்தான். நன்றாகத் தூங்கினான். பப்புக்குப் போனான். வின்னியின் பெயரைச் சாதாரணமாகச் சொல்ல ஆரம்பித்தான். "வின்னி இருந்தா இந்நேரம் என்னைத் திட்டியிருப்பா" என்று வளர்ந்து ஆளான பெண்ணைப் பற்றிப் பேசுவது போலப் பேசுவான். டோரீனுக்கு அப்படி வரவில்லை. அவள் தினமும் சாவியை எடுத்துக்கொண்டு போனாள். நின்றாள். திரும்பி வந்தாள். மழையிலும் போனாள். குதிகால் சத்தத்தை நினைத்துப் பார்க்க முயன்றால், அதன் பின்னாலேயே அந்த இன்னொரு சத்தமும் வந்து சேர்ந்துவிடும். அவள் பதினெட்டு வருஷம் தனியாக வைத்திருந்தது இப்போது தனியாகக் கிடைக்கவில்லை.

ஒரு நாள் பாத்திரம் கழுவிக்கொண்டே, "நான் அன்னைக்கு வெளிய போயிருக்கணும்" என்றாள். "நீ என் கையைப் பிடிச்சிருக்கக் கூடாது. உன் பாரத்தை என் தலையில இறக்கிட்டு நீ தூங்குற."

"ஆமா" என்றான் ரூபன். துணியை எடுத்து, அவள் கழுவி வைத்த தட்டைத் துடைத்தான். "ஆமா, டோரீன். இறக்கிட்டேன்."

அதற்கு மேல் சண்டை போட அவளுக்கு வழியில்லை. அதற்கப்புறம் பன்னிரண்டு வருஷம் சேர்ந்து இருந்தார்கள். சந்தோஷமாக இருந்தார்களா என்றால் ஊரில் பலரை விடச் சந்தோஷமாகத்தான் இருந்தார்கள். இரண்டாயிரத்து ஒன்றில் ரூபன் தூக்கத்திலேயே போனான். டோரீன் பண்ணையை விற்றுவிட்டு, சர்ச் பக்கத்தில் வயதானவர்களுக்காகக் கட்டிய சின்ன வீட்டுக்குக் குடிபோனாள். சாவியைக் கொடுக்கும்போது, வாங்கியவர்களிடம் ஒரு வார்த்தை சொல்லலாமா என்று நினைத்தாள். என்ன சொல்வது என்று தெரியவில்லை. நடக்க முடிந்தவரை பிற்பகலில் அந்தப் பண்ணை வேலி வரை போய் நின்றுவிட்டு வருவாள். யாராவது பார்த்தால் நாயைத் தேடுகிறேன் என்பாள். அவளிடம் நாய் இருந்ததே இல்லை.

டோரீனை அடக்கம் செய்த நாளில் பண்ணையை வாங்கிய லண்டன்காரப் பெண்ணும் சர்ச்சுக்கு வந்திருந்தாள். ஏமோஸ் அப்போது கைத்தடி ஊன்றி நடந்துகொண்டிருந்தான். அவனை வாசலில் பிடித்துக்கொண்டாள்.

"மிஸ்டர் பெல்லிங், எங்க களஞ்சியத்தை நீங்களும் சேர்ந்துதான் கட்டினீங்களாமே? அதைப் பத்தி எதாவது தெரியுமா? பட்டியல்ல எண்பத்தெட்டுல திரும்பக் கட்டினதுன்னு மட்டும்தான் போட்டிருக்கு. எங்க பசங்க மழை பெஞ்சா அங்கதான் கிடக்குறாங்க."

ஏமோஸ் அவளையும் அவள் கையைப் பிடித்திருந்த குழந்தையையும் பார்த்தான்.

"அதுக்குள்ள எதையும் கொட்டி வைக்காதீங்க" என்றான்.

"ஏன், உள்ள ஈரமா?"

"ஆமாம்மா" என்றான் ஏமோஸ். "ஈரம்தான்."